ஷிஃப்ட் விசைக்கும் இராத்திரி ஷிஃப்டுக்கும் என்ன உறவு?

வினா: பண்டாரவளை ஆசிரியை

வணக்கம். பண்டாரவளைக்கு அண்மையில் உள்ள ஒரு தமிழ்மொழி மூலப் பாடசாலையில் தரம் 8 மாணவர்களுக்குக் கணினிப் பாடம் எடுக்கிறேன். பிள்ளைகளில் பெரும்பாலோர் சுற்றியுள்ள தேயிலைத் தோட்டங்களின் லயங்களிலிருந்து, அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளிலிருந்து, வருகிறவர்கள். சென்ற தவணைப் பரீட்சையில் "ஷிஃப்ட் விசையின் பயனை ஒரு வாக்கியத்தில் எழுதுக" என்று ஒரு வினா வைத்திருந்தேன். "வேலை நேரத்தை மாற்றுவதற்காக அழுத்தும் விசை ஷிஃப்ட் ஆகும்" என்று ஒரு மாணவி, அடித்தல் திருத்தல் எதுவுமின்றி, முத்துமுத்தான கையெழுத்தில் எழுதியிருந்தாள். அவளுடைய தகப்பனார் தேயிலைத் தொழிற்சாலையில் வேலை செய்பவர். ஒரு கிழமை பகலும் மறு கிழமை இரவுமாக அவருடைய வேலை மாறிக்கொண்டிருப்பதால், அப்பாவுக்கு எந்த ஷிஃப்ட் என்பதை வைத்தே அந்த வீட்டின் சமையலும் தூக்கமும் நடக்கின்றன என்பதைப் பிறகு விசாரித்து அறிந்தேன். அந்தச் சொல்லை அவள் என் வகுப்பில் கற்றுக்கொள்ளவில்லை. தொட்டிலில் கிடக்கும்போதே கேட்டிருக்கிறாள்.

முதலில் சிரித்துவிட்டேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன். பிறகு, 'மாற்றுவதற்காக' என்ற சொல்லையாவது சரியாகப் பிடித்திருக்கிறாளே என்று அரைப் புள்ளி போட்டேன். விடைத்தாளைத் திருப்பிக் கொடுத்த அன்று அவள் எழுந்து நின்று, "மிஸ், அப்பா போகிற ஷிஃப்டும் இந்த ஷிஃப்டும் ஒரே சொல்லா, இல்லை வேறு வேறு சொல்லா?" என்று கேட்டாள். எனக்கு விடை தெரியவில்லை. அந்தத் தடுமாற்றம் தீர்வதற்குள் பின்வாங்கிலிருந்து ஒரு பையன், "தமிழில் கெப்பிட்டல் எழுத்தே இல்லையே, பிறகு தமிழில் அடிக்கும்போது ஷிஃப்ட் எதற்கு?" என்று இன்னொரு கல்லை எறிந்தான். நான் தயாரித்துக் கொடுத்த கையேட்டில், 'பெரிய எழுத்துக்களைத் தட்டச்சுச் செய்ய உதவும் விசை' என்றுதான் இருக்கிறது. ஆனால் எங்கள் கணினிகளில் பிள்ளைகள் பாமினி என்ற தமிழ் எழுத்துருவில் அடிக்கிறார்கள். அங்கே ஷிஃப்டை அழுத்திக்கொண்டு க அடித்தால் பெரிய க வருவதில்லை, கு வருகிறது. ஆகவே கையேடு சொல்வதும் திரை காட்டுவதும் ஒன்றல்ல.

இந்தச் சொல்லுக்கு இத்தனை பொருள் எங்கிருந்து வந்தன என்பதையும், தமிழில் இந்த விசையை எப்படி அழைப்பது என்பதையும் அறிந்தவர்கள் விளக்கினால் உதவியாக இருக்கும். 'மாற்று விசை' என்று எழுதிப் பார்த்தேன்; ஆனால் பக்கத்திலேயே இருக்கும் ஆல்ட் விசையையும் அதே பெயரால்தானே அழைக்க வேண்டியிருக்கிறது?

மறுமொழி: ஹட்டன் பழைய தட்டச்சர்

டீச்சர், அந்தப் பிள்ளைக்கு நீங்கள் அரைப் புள்ளி கொடுத்தது தோட்டத்தில் அரைநாள் வேலைக்கு அரைப்பேர் போட்டதுபோல் இருக்கிறது. என் கையில் செக்ரோல் என்ற வரவுப் பதிவேடு இருந்திருந்தால் முழுப்பேர் போட்டிருப்பேன்.

நான் முப்பது வருடத்துக்கு மேல் தோட்டக் காரியாலயங்களில் கிளாக்கராக இருந்தவன். கணினி வருவதற்கு முன்பு எங்களிடம் இருந்தவை இரும்பாலான தட்டச்சுப் பொறிகள். அவற்றில் ஷிஃப்ட் என்பது பெயருக்கு இடப்பட்ட பெயர் அல்ல. அந்த விசையை அழுத்தினால் ஒரு பொருள் உண்மையாகவே இடம் பெயர்ந்தது. பொறியின் உள்ளே விசைக்கு ஒரு கம்பி வீதம் வரிசையாக இருக்கும். ஒவ்வொரு கம்பியின் நுனியிலும் மேலொன்று கீழொன்றாக இரண்டு எழுத்துக்கள் வார்க்கப்பட்டிருக்கும். சும்மா அடித்தால் சிறிய எழுத்துத் தாளில் பதியும். ஷிஃப்டை அழுத்தினால், தாளையும் உருளையையும் தாங்கியிருக்கும் வண்டி முழுவதுமாக, ஏறத்தாழ ஒரு நெல்மணி நீளத்துக்கு மேலே எழும்பும். இப்போது அதே கம்பி அடிக்கும்போது தாளைத் தொடுவது மற்ற எழுத்து. சில பொறிகளில் வண்டி அசையாமல் நிற்க, கம்பிகள் கோத்த கூடை கீழே இறங்கும். எப்படியானாலும் விரலுக்கு அடியில் ஏதோ ஒன்று கனத்தோடு நகர்வதை உணரலாம். அந்தக் கனம் முழுவதையும் சுமந்தது சுண்டுவிரல் என்பது எங்களைப் போன்றவர்களுக்கு மட்டும் தெரிந்த வேதனை. காலைப் பனியில் விரல் விறைத்துப்போய், விசையை அடிவரைக்கும் அழுத்தாமல் அரைகுறையாக அழுத்திவிட்டால் பெரிய எழுத்து வரியில் உட்காராமல் எம்பி நிற்கும். எங்கள் பெரிய கிளாக்கர் அப்படிப்பட்ட கடிதத்தைத் தூக்கிப் பார்த்து, "இந்த எழுத்து ஏன் தம்பி மலை ஏறுகிறது?" என்று கேட்பார். தாளைக் கிழித்துவிட்டு மறுபடி அடிக்க வேண்டும்.

இந்த ஏற்பாடு முதலில் வந்த பொறிகளில் இல்லை. 1874இல் அமெரிக்காவில் ரெமிங்டன் விற்பனைக்குக் கொண்டுவந்த முதல் பொறி பெரிய எழுத்துக்களை மட்டுமே அடித்தது. 1878இல் வந்த இரண்டாம் இலக்கப் பொறியில்தான் ஷிஃப்ட் சேர்ந்தது. அதே காலத்தில், பெரிய எழுத்துக்குத் தனி விசை, சிறிய எழுத்துக்குத் தனி விசை என்று விசைகளை இரட்டித்து வைத்த கேலிகிராஃப் போன்ற பொறிகளும் சந்தையில் போட்டியிட்டன. அவற்றில் ஷிஃப்டே தேவையில்லை. ஆனால் விரல்கள் எழுபதுக்கு மேற்பட்ட விசைகளுக்கிடையே அலைய வேண்டியிருந்தது. கடைசியில் ஷிஃப்ட் வென்றது.

அந்தப் பையன் கேட்டதற்கு வருகிறேன். தமிழுக்குப் பெரிய எழுத்து இல்லை என்பது சரிதான், ஆனால் ஷிஃப்டின் அவசியம் ஆங்கிலத்தைவிடத் தமிழுக்கே கூடுதல். நம்முடைய எழுத்துக்கள் 247. பொறியில் இருப்பவையோ நாற்பத்துச் சொச்சம் விசைகள். 1886இல் யாழ்ப்பாணம் சுண்டிக்குளியில் பிறந்து, பிறகு மலாயாவுக்குச் சென்ற ஆர். முத்தையா தமிழ்த் தட்டச்சுப் பொறியை வடிவமைத்தபோது அவர் எதிர்கொண்ட சிக்கல் இதுதான். கால், கொம்பு, புள்ளி ஆகியவற்றைத் தனியே பிரித்து எல்லா எழுத்துக்கும் பொதுவாக வைத்துவிடலாம். ஆனால் கு, மு, து போன்ற உகர எழுத்துக்கள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு வடிவம் கொண்டவை, அவற்றை அப்படிக் கழற்றி மாட்ட முடியாது. ஆகவே க இருக்கும் கம்பியின் மறு மாடியில் கு குடியேறியது. உங்கள் கணினியில் ஷிஃப்டோடு க அடித்தால் கு வருவது அந்தப் பொறிவழி வந்த பழக்கம்.

புள்ளியைப் பற்றியும் ஒன்று சொல்லிவிடுகிறேன், கேட்காமலேயே. அந்தப் பொறியில் புள்ளியை முதலில் அடிப்போம்; அது தாளில் விழும், ஆனால் வண்டி நகராமல் அங்கேயே நிற்கும்; அதன் கீழ் வந்து எழுத்து உட்காரும். எழுதும்போது புள்ளியைக் கடைசியில் வைத்துப் பழகிய கைக்கு இது தலைகீழ்ப் பாடம்.

மறுமொழி: தலவாக்கலை இரவுக்காரர்

நான் ஒரு தேயிலைத் தொழிற்சாலையில் உதவி டீமேக்கராக இருக்கிறேன். மொழி ஆராய்ச்சி எனக்குத் தெரியாது. ஆனால் அந்தப் பிள்ளையின் தகப்பனார் ஏன் இரவில் போகிறார் என்பதை நீங்கள் வகுப்பில் சொல்லலாம். பகலில் பறித்த கொழுந்து மாலை நிறுவையோடு எங்களிடம் வந்து சேர்ந்ததும் அதை உடனே அரைக்க முடியாது. மாடியில் வாட்டும் தொட்டிகளில் பரப்பி, காற்றடித்து, பன்னிரண்டு முதல் பதினெட்டு மணித்தியாலம் வரை வாட வைக்க வேண்டும். ஆகவே ரோலர்கள் ஓடத் தொடங்கும் நேரம் ஊர் உறங்கும் நேரமாகத்தான் அமையும். அதைத் தள்ளிப்போட நாம் யார்? கொழுந்து காத்திருக்காது. எங்களுக்கு ஷிஃப்டை விதிப்பது கடிகாரம் இல்லை, இலை.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. எங்கள் தொழிற்சாலைக்குள் 'சிஃப்ட்' என்ற வேறொரு ஆங்கிலச் சொல்லும் உலவுகிறது. காய்ந்த தூளைச் சலித்து, பீஓபி, பீஓபிஎஃப், டஸ்ட் என்று தரம் பிரிக்கும் இடத்துக்கு சிஃப்டிங் ரூம் என்று பெயர். ஆங்கிலத்தில் இரண்டும் வேறு எழுத்து, வேறு உச்சரிப்பு. ஆனால் மலையில் 'ஷ' என்ற ஒலியைப் பலரும் 'ச' என்றே சொல்வதால், இரண்டும் 'சிப்டு' ஆகிவிடுகின்றன. சில வருடங்களுக்கு முன்பு புதிதாகச் சேர்ந்த ஒரு பையனிடம், "இரவு இரண்டு மணிக்குச் சிப்டுக்கு வந்துவிடு" என்று சொல்லி அனுப்பினோம். ரோலர் ஓடத் தொடங்கி அரை மணித்தியாலமாகியும் ஆளைக் காணவில்லை. தேடிப்போய்ப் பார்த்தால், பூட்டிக் கிடந்த சிஃப்டிங் ரூம் வாசற்படியில் கம்பளியைச் சுற்றிக்கொண்டு அவன் உட்கார்ந்திருந்தான். சொன்ன நேரத்துக்கு வந்திருக்கிறான்; சொன்ன இடத்துக்கும் வந்திருக்கிறான், அவன் கேட்ட மாதிரி. தவறு எங்களுடையது. அன்றிலிருந்து நான் 'ரோலருக்கு வா', 'சலிக்க வா' என்று வேலையின் பெயரைச் சொல்லியே அழைக்கிறேன்.

தமிழில் 'சலித்தல்' என்பதற்கும் இரண்டு பொருள் இருப்பதை அந்த ரூமில் வேலை செய்பவர்கள் அடிக்கடி நினைவூட்டுவார்கள். தூளைச் சலிக்கிறவர்களுக்கு விடியற்காலை நான்கு மணிக்கு இரண்டாவது பொருளும் பொருந்தும்.

மறுமொழி: கண்டி மொழிபெயர்ப்பாளர்

மாணவியின் கேள்விக்கு நேரான விடை: ஆம், இரண்டும் ஒரே சொல். தலவாக்கலை நண்பர் சொன்ன சலிக்கும் 'சிஃப்ட்' மட்டும் வேறு வேரிலிருந்து வந்தது; அது ஆங்கிலத்தில் சல்லடையைக் குறிக்கும் சொல்லுக்கு உறவு.

ஷிஃப்ட் என்பதன் பழைய ஆங்கில வடிவம் 'ஷிஃப்டன்' என்பதுபோல் ஒலித்த ஒரு வினைச்சொல். அதன் தொடக்கப் பொருள் நகர்த்துவதோ மாற்றுவதோ அல்ல. பங்கிடுவது, பிரித்து ஒழுங்குபடுத்துவது. பங்கிட்டதை அடுக்கி வைப்பது, அடுக்கியதை மாற்றி வைப்பது, மாற்றி வைப்பதால் இடம் பெயர்வது என்று அதன் பொருள் படிப்படியாக நகர்ந்திருக்கிறது. இந்தப் படிகளில் எந்தப் படியில் நின்று பார்க்கிறோம் என்பதைப் பொறுத்து நமக்குத் தெரியும் பொருள் வேறுபடுகிறது. வேலைக்காரர்களைப் பிரிவு பிரிவாகப் பங்கிட்டு, ஒரு பிரிவு வெளியேற மறு பிரிவு உள்ளே போகும் வழக்கத்துக்கு இச்சொல் இங்கிலாந்தின் சுரங்கத் தொழிலில் ஊன்றிக்கொண்டது. ஆகவே அந்தத் தகப்பனாரின் ஷிஃப்ட் பழைய பொருளுக்கு நெருங்கியது, விசையின் ஷிஃப்ட் பிந்திய பொருளில் நிற்கிறது. வயதில் மூத்தது அப்பாவின் ஷிஃப்டே என்று மாணவியிடம் தாராளமாகச் சொல்லலாம்.

இடையில் முளைத்த கிளைகளும் சில உண்டு. அடிக்கடி மாற்றி உடுத்தும் உடை என்ற கருத்தில், பெண்களின் உள்ளாடைக்கு ஒரு காலத்தில் இதுவே பெயராக இருந்தது. 1907 ஜனவரியில் டப்ளின் நகரின் அபே அரங்கில் ஒரு நாடகம் நடந்துகொண்டிருந்தபோது, நடிகர் ஒருவர் இந்தச் சொல்லை அந்தப் பொருளில் உச்சரித்த இடத்தில் பார்வையாளர்கள் கொதித்தெழுந்து கலவரம் செய்தார்கள். இன்று நாம் நாளுக்கு நூறு முறை சுண்டுவிரலால் தொடும் சொல் அது. கையில் கிடைத்ததை வைத்து ஒப்பேற்றுவதைக் குறிக்கும் 'மேக்‌ஷிஃப்ட்', ஆளைப் பார்த்தாலே நம்பத் தோன்றாதவரைக் குறிக்கும் 'ஷிஃப்டி' ஆகியவையும் இதே குடும்பம்தான். வீடு மாறுவதை நாம் 'வீடு ஷிஃப்ட் பண்ணுகிறோம்' என்கிறோம்; இது தெற்காசிய ஆங்கிலத்தின் பழக்கம், பிரித்தானியர் வீடு மாறும்போது பெரும்பாலும் வேறு சொல்லைத்தான் பயன்படுத்துவார்கள்.

இனித் தமிழ்ப் பெயர். ஆசிரியை சுட்டிக்காட்டியபடி 'மாற்று' என்பது இரண்டு விசைகளுக்கும் பொருந்திக் குழப்பும். ஷிஃப்டில் அது வினை. 'மாற்றிவிடு' என்பது கருத்து. ஆல்ட்டில் அது அடை. 'வேறொன்றான' என்பது கருத்து. தமிழில் எழுதினால் அந்த வேறுபாடு கண்ணுக்குத் தெரியாமல் போய்விடும். 'நகர்வு விசை' என்று சொல்லலாம். ஆனால் அம்புக்குறி விசைகள் அந்தப் பெயருக்கு அதிக உரிமை கோரும். 'இடப்பெயர்வு விசை' என்று ஒரு கையேட்டின் வரைவில் பார்த்திருக்கிறேன். அகராதியின்படி பிழையில்லை. ஆனால் இந்த நாட்டில் 'இடம்பெயர்ந்தோர்' என்ற சொல்லைப் போரோடும் மண்சரிவோடும் முகாமோடும் சேர்த்துத்தான் நாம் கேட்டிருக்கிறோம். மண்சரிவு அபாயம் என்று அறிவிக்கப்பட்ட லயத்திலிருந்து மூட்டை முடிச்சோடு பாடசாலைக் கட்டடத்தில் வந்து தங்கிய பிள்ளை உங்கள் வகுப்பிலேயே இருக்கக்கூடும். அந்தச் சொல்லை விசைப்பலகையில் ஒட்ட எனக்கு மனம் வரவில்லை. அந்த வரைவில் அதை நான் வெட்டிவிட்டேன்.

என் விருப்பம் 'பெயர்ச்சி'. சனிப்பெயர்ச்சி, குருப்பெயர்ச்சி என்று பஞ்சாங்கம் பார்க்கிற பாட்டிமார் முதல் எல்லோருக்கும் தெரிந்த சொல். ஒரு வீட்டிலிருந்து அடுத்த வீட்டுக்குப் போவது என்ற பொருள் அதிலேயே இருக்கிறது. தட்டச்சர் ஐயா வருணித்த மேல்மாடி கீழ்மாடிக் கதைக்கும் அது பொருந்துகிறது. 'எழுத்துப் பெயர்ச்சி விசை' என்று ஒருமுறை விளக்கிவிட்டு, பிறகு ஷிஃப்ட் என்றே அழைத்தாலும் குற்றமில்லை. வேலை நேரத்துக்கு 'முறை' போதும். சிங்களத்தில் அதற்கு 'வெட முரய' என்று சொல்வதை நாம் அன்றாடம் கேட்கிறோம், அது நம் முறையோடு எவ்வளவு ஒத்து ஒலிக்கிறது பாருங்கள்.

ஒரே சொல்லுக்கு இத்தனை பொருளா என்று பிள்ளைகள் வியந்தால், அந்த 'முறை'யையே கரும்பலகையில் எழுதிக் காட்டுங்கள். ஒழுங்கும் முறை, தடவையும் முறை, குழாயடியில் தண்ணீருக்கு நிற்பதும் முறை, மாமன் மகள் முறைப்பெண், பொலிசில் கொடுப்பது முறைப்பாடு. இவற்றைக் கேட்டு நாம் யாரும் தடுமாறுவதில்லை, ஏனென்றால் பக்கத்தில் நிற்கும் சொல் பொருளைக் காட்டிக்கொடுத்துவிடுகிறது.

மறுமொழி: நுவரெலியா நிரலாளர்

பெரியவர்கள் மன்னிக்க வேண்டும், நான் 'பெயர்ச்சி'க்கு உடன்படவில்லை. விசையின் மேல் அச்சிடப்பட்டிருப்பது ஆங்கிலச் சொல். பிள்ளை நாளை கடையில் ஒரு விசைப்பலகை வாங்கினாலும், வேலைக்குப் போனாலும், அதைத்தான் பார்க்கப் போகிறாள். ஷிஃப்ட் என்றே கற்பித்துவிட்டு, பொருளைத் தமிழில் விளக்குவதே நேர்மையான வழி என்று நினைக்கிறேன். நிரலாக்கத்துக்கு வந்தால் இன்னொரு ஷிஃப்டும் காத்திருக்கிறது: இரும எண்ணின் இலக்கங்களை ஓரிடம் இடப்பக்கம் தள்ளுவது. 101 என்பது 1010 ஆகும். அதாவது ஐந்து பத்தாகும். அதற்குப் 'பெயர்ச்சி' அழகாகவே பொருந்தும், விசைக்கு வேண்டாம்.

தமிழில் ஷிஃப்ட் எதற்கு என்று கேட்ட மாணவனுக்கு ஒரு கூடுதல் தகவல். எல்லாத் தமிழ் விசைப்பலகையும் அதை ஒரே மாதிரிப் பயன்படுத்துவதில்லை. பாமினியில் கு, மு மட்டுமல்லாமல் ஆ, ஏ, ஓ போன்ற நெடில்களும் ஷிஃப்டின் கீழ் வருகின்றன. தமிழ்நாட்டில் 1999இல் தரப்படுத்தப்பட்ட தமிழ்99 விசைப்பலகையிலோ ஆய்தத்தைத் தவிர வேறு சாதாரணத் தமிழ் எழுத்து எதற்கும் ஷிஃப்ட் தேவையில்லை. ஆய்தத்தோடு ஸ, ஷ, ஜ, ஹ போன்ற கிரந்த எழுத்துக்களே ஷிஃப்டின் கீழ் குடியிருக்கின்றன. நான் தமிழ்99இல் அடிப்பவன். ஆகவே இந்த மறுமொழியில் ஷிஃப்டை நான் அழுத்தியதில் பெரும்பகுதி 'ஷிஃப்ட்' என்ற சொல்லை எழுதுவதற்காகத்தான்.

வினாவியவர்: பண்டாரவளை ஆசிரியை

எல்லோருக்கும் நன்றி. இன்று வகுப்பில் உங்கள் விளக்கங்களைப் பயன்படுத்தினேன். தட்டச்சுப் பொறி கைக்குக் கிடைக்கவில்லை. அதனால் ஒரு அழிறப்பரின் முனையில் மேலே கு, கீழே க என்று எழுதி, ஒரு பிள்ளை அதை ஒரே உயரத்தில் நீட்டிக்கொண்டே இருக்க, இன்னொரு பிள்ளை கொப்பியை உயர்த்தியும் தாழ்த்தியும் பிடிக்க, எந்த எழுத்துப் படுகிறது என்று பார்க்கச் சொன்னேன். அழிறப்பர் அசையவில்லை, கொப்பிதான் பெயர்ந்தது என்பதைப் பிள்ளைகள் தாங்களே கண்டுபிடித்துச் சொன்னார்கள். கையேட்டின் வரியையும் திருத்திவிட்டேன்: 'ஒரே விசையில் உள்ள இரண்டாவது எழுத்தைப் பெறுவதற்காக அழுத்தும் விசை'. இப்போது அது ஆங்கிலத்துக்கும் பொருந்துகிறது, பாமினிக்கும் பொருந்துகிறது, எண் விசைகளின் மேல் இருக்கும் குறியீடுகளுக்கும் பொருந்துகிறது. பெயர் விடயத்தில் நிரலாளர் தம்பி சொன்னபடி ஷிஃப்ட் என்றே விட்டுவிட்டேன்; ஆனால் சனிப்பெயர்ச்சி உவமையையும் சொன்னேன், பிள்ளைகள் அதைத்தான் அதிகம் ரசித்தார்கள்.

மாணவியிடம் அப்பாவின் ஷிஃப்ட்தான் மூத்தது என்று சொன்னேன். முகம் மலர்ந்தது. மீதி அரைப் புள்ளியையும் கேட்டாள். 'விசை' என்று எழுதியிருக்கிறாயே, அப்பா எந்த விசையை அழுத்தி இரவு வேலைக்குப் போகிறார் என்று நான் திருப்பிக் கேட்டதும் உட்கார்ந்துவிட்டாள்.

ஆனால் பின்வாங்குப் பையன் விடவில்லை. ஷிஃப்டைப் பிடித்துக்கொண்டிருக்கக் கை வலிக்கிறது என்று கேப்ஸ் லொக்கைப் போட்டுவிட்டு, பாமினியில் 'அம்மா' என்று அடித்தான். திரையில் முதலில் ஆ, பிறகு மு, ஒரு தனிப் புள்ளி, இன்னொரு மு, கடைசியில் ர் வந்து நின்றது. வகுப்பு முழுவதும் சிரிப்பு. அடுத்து 'இலங்கை' என்று அடித்தான். 'இலுஞ்ஐகு' என்று வந்தது. அவனுக்கு அதில் ஒரு சந்தேகம். அ இருந்த இடத்தில் ஆ வந்ததே, அப்படியானால் இ இருந்த இடத்தில் ஈ வந்திருக்க வேண்டும் அல்லவா, இ ஏன் அப்படியே நிற்கிறது என்று கேட்கிறான். ஷிஃப்டை அழுத்தி அடித்தால் ஈ சரியாக வருகிறது. கேப்ஸ் லொக்கில் மட்டும் வருவதில்லை. இதற்கு என்ன காரணம்?

மறுமொழி: ஹட்டன் பழைய தட்டச்சர்

அந்தப் பையனை ஒருநாள் என் வீட்டுக்கு அழைத்து வாருங்கள் டீச்சர். பரணில் ஒரு பழைய பொறி கிடக்கிறது, தூசி தட்டி வைக்கிறேன்.

காரணம் இதுதான். பாமினி என்பது ஆங்கில விசைகளின் மேல் தமிழ் உருவத்தைப் போர்த்திய எழுத்துரு. அ இருப்பது எம் என்ற ஆங்கில எழுத்தின் விசையில். இ இருப்பதோ ஆங்கிலத்தின் காற்புள்ளி விசையில். கேப்ஸ் லொக், பெயரிலேயே இருப்பதுபோல், ஆங்கிலப் பெரிய எழுத்துக்கான பூட்டு. சிறிய எம்மைப் பெரிய எம் ஆக்கும், எண்ணையும் காற்புள்ளியையும் தொடாது. காற்புள்ளிக்குப் பெரிய வடிவம் ஏது? ஆகவே அ ஆ ஆகிறது, இ இயாகவே நிற்கிறது. புள்ளி மாறாமல் வந்ததற்கும் அதுவே காரணம், ஏனென்றால் அது இருப்பது அரைப்புள்ளி விசையில். கணினிக்குத் தான் தமிழ் அடிப்பதாகவே தெரியாது. எழுத்துருவை மாற்றிப் பார்த்தால் பையனுக்கு உடனே விளங்கும்.

எங்கள் பொறியில் இருந்தது கேப்ஸ் லொக் அல்ல, ஷிஃப்ட் லொக். அது எழுத்துக்களைப் பூட்டுவதில்லை, வண்டியைப் பூட்டும். வண்டி மேலே போய் நின்றுவிட்டால் எழுத்து, எண், குறி எல்லாவற்றிலும் இரண்டாவது வடிவமே விழும். இரும்புக்கு எது எழுத்து, எது காற்புள்ளி என்ற வேறுபாடு தெரியாது. அதை விடுவிக்க ஷிஃப்டை மறுபடி ஒருமுறை அழுத்தினால் போதும், டக்கென்று வண்டி கீழே இறங்கும். கணினியில் பெரும்பாலும் கேப்ஸ் லொக்கையே மறுபடி அழுத்த வேண்டும். பையன் அதைச் செய்துவிட்டுத்தான் வீட்டுக்குப் போனானா என்று பார்த்துக்கொள்ளுங்கள். இல்லாவிட்டால் நாளைக் காலை அந்தக் கணினியில் உட்காருகிற பிள்ளை கடவுச்சொல் தவறு என்று உங்களிடம் ஓடிவரும்.